பதினைந்து நிமிடம் எதற்கு? கூடைப்பந்தாட்ட இடைவேளை பற்றி வாசகர் கேட்டவை

இம்முறை வந்த கடிதங்களில் பெரும்பாலானவை கூடைப்பந்தாட்டத்தின் நடு இடைவேளையைப் பற்றியே கேட்டிருந்தமையால், மற்றக் கேள்விகளை அடுத்த இதழுக்கு ஒத்திவைத்து, இவற்றுக்கு மட்டும் பதில் எழுதுகிறேன்.

கேள்வி: என் மகள் பாடசாலை அணியில் விளையாடுகிறாள். முதற் கால்பகுதி முடிந்ததும் 2 நிமிடம்தான் ஓய்வு கொடுக்கிறார்கள்; இரண்டாவது முடிந்ததும் மட்டும் 15 நிமிடம் என்கிறார்கள். ஆனால் சென்ற மாதம் பார்த்த ஒரு போட்டியில் 5 நிமிடத்திலேயே விசில் ஊதிவிட்டார்கள். எது சரி? (ஒரு தந்தை, கல்முனை)

சர்வதேசக் கூடைப்பந்தாட்டச் சம்மேளனமான ஃபீபாவின் விதிப்படி ஓர் ஆட்டம் பத்துப் பத்து நிமிடங்களைக் கொண்ட நான்கு கால்பகுதிகளாக நடைபெறும். முதலாவதற்கும் இரண்டாவதற்கும் இடையிலும், மூன்றாவதற்கும் நான்காவதற்கும் இடையிலும் 2 நிமிடமும், இரண்டு பாதிகளுக்கும் நடுவே 15 நிமிடமும் இடைவேளை உண்டு. அமெரிக்காவின் என்.பி.ஏ. போட்டிகளில் கால்பகுதி 12 நிமிடமாக நீண்டாலும் நடு இடைவேளை அங்கும் 15 நிமிடமே.

நீங்கள் பார்த்த 5 நிமிடத்துக்கும் ஒரு முன்னோடி உண்டு. ஜேம்ஸ் நெய்ஸ்மித் 1891 டிசெம்பரில் மாசசூசெட்ஸ் மாநிலத்தின் ஸ்பிரிங்ஃபீல்ட் நகரில் இந்த ஆட்டத்தை உருவாக்கி எழுதிய 13 விதிகளில், ஆட்டம் 15 நிமிடங்கள் கொண்ட இரண்டு பாதிகளாக நடைபெற வேண்டும் என்றும், அவற்றுக்கு நடுவே 5 நிமிட ஓய்வு இருக்க வேண்டும் என்றும் கூறியிருந்தார். நம் பகுதியில் இந்த ஆட்டம் வேரூன்றியதில் அமெரிக்காவிலிருந்து வந்த இயேசு சபைத் துறவிகளுக்குப் பெரும் பங்கு உண்டு. மட்டக்களப்பின் வெபர் விளையாட்டரங்கு அவர்களுள் ஒருவரான அருட்தந்தை ஹெரல்ட் வெபரின் பெயரையே தாங்கி நிற்கிறது. ஆயினும் இன்று இடைவேளையைச் சுருக்கும் நம் அமைப்பாளர்கள் நெய்ஸ்மித்தை நினைத்துச் சுருக்குவதில்லை. ஒரே திடலில் ஒரே நாளில் பல ஆட்டங்களை முடிக்க வேண்டியிருப்பதும், பொழுது சாய்வதற்குள் இறுதி ஆட்டத்தைத் தொடங்க வேண்டியிருப்பதுமே காரணம். அதைக் குறைகூற மாட்டேன். ஆனால் எத்தனை நிமிடம் என்பது போட்டி தொடங்கும் முன்பே இரு அணிகளுக்கும் தெரிவிக்கப்பட்டிருக்க வேண்டும். 15 நிமிடத்துக்கு ஆயத்தமான அணியை ஐந்தாவது நிமிடத்தில் திடலுக்கு அழைப்பது நியாயமாகாது.

2000ஆம் ஆண்டு வரை ஃபீபா ஆட்டங்களும் 20 நிமிடங்கள் கொண்ட இரண்டு பாதிகளாகவே நடைபெற்றன; நடு இடைவேளையை விட்டால் அணி கேட்டுப் பெறும் குறுகிய நிறுத்தமான டைம் அவுட் மட்டுமே இருந்தது. கால்பகுதிகள் வந்தபின் சிறு இடைவேளைகளும் சேர்ந்தன. எனினும் ஓர் அணி திடலை விட்டு விலகிச் சென்று, உட்கார்ந்து, யோசித்துத் திரும்பக்கூடிய நேரம் இன்றும் அந்த நடு இடைவேளை ஒன்றுதான்.

கேள்வி: எங்கள் பாடசாலைப் பெண்கள் அணிக்கு நான் பொறுப்பாசிரியை. நான் கூடைப்பந்து விளையாடியவள் அல்ல. வேறு ஆள் இல்லாததால் பொறுப்பேற்றேன். இடைவேளை தொடங்கியதும் பேசத் தொடங்குகிறேன். விசில் ஊதும்போதும் பேசிக்கொண்டுதான் இருக்கிறேன். பிள்ளைகள் தலையாட்டுகிறார்கள், ஆனால் திடலில் எதுவும் மாறுவதில்லை. பெரிய அணிகள் அந்த நேரத்தில் உண்மையில் என்ன செய்கின்றன? (ஓர் ஆசிரியை, மட்டக்களப்பு)

பெரிய அணிகளின் பயிற்றுவிப்பாளர்கள் இடைவேளை தொடங்கியதும் பேசுவதில்லை என்பதுதான் உங்களுக்கு நான் சொல்ல வேண்டிய முதலாவது விடயம். வீராங்கனைகள் ஒருபுறம் சென்று உட்கார்ந்து, தண்ணீர் குடித்து, முகத்தைத் துடைத்து, தங்களுக்குள் இரண்டு வார்த்தை பேசி மூச்சை ஆற்றிக்கொள்ளும் அந்த முதல் மூன்று நான்கு நிமிடங்களில், பயிற்றுவிப்பாளரும் உதவியாளர்களும் தனியே நின்று எதைச் சொல்வது, எதைச் சொல்லாமல் விடுவது என்று முடிவெடுக்கிறார்கள். மூச்சு வாங்கிக்கொண்டிருக்கும் பிள்ளையின் காதில் எந்த அறிவுரையும் ஏறாது. ஆகவே உங்கள் பேச்சின் முதற்பாதி வீணாகிறது என்று நீங்கள் சரியாகவே உணர்ந்திருக்கிறீர்கள்; அது உங்கள் பேச்சின் குறையல்ல, பேசும் நேரத்தின் குறை.

என்.பி.ஏ. அணிகளிடம் காணொளித் துண்டுகளைத் தொகுத்துத் தர ஆட்கள் இருக்கிறார்கள். உங்களிடம் ஒரு கொப்பியும், பென்சிலும், அணியில் இடம் கிடைக்காத ஒரு மாணவியும் இருந்தால் போதுமானது. முதற்பாதி முழுவதும் அந்த மாணவி நான்கு விடயங்களை மட்டும் கோடு போட்டுக் குறிக்கட்டும்: எறியாமலே பந்தை எதிரணியிடம் பறிகொடுத்த தடவைகள், நம் வளையத்தின் கீழ் எதிரணி எடுத்த ரீபவுண்டுகள் (வளையத்தில் விழாமல் திரும்பிய பந்துகள்), எதிரணிக்குப் புள்ளி எந்தப் பக்கத்திலிருந்து வந்தது என்பது, நம்மில் யாருக்கு எத்தனை பவுல் என்பது. கடைசி விடயத்தைப் புள்ளிப் பதிவாளரின் தாளோடு ஒருமுறை ஒப்பிட்டுக்கொள்ளுங்கள். விளையாடிப் பழகாத ஒருவருக்கு இந்தக் கொப்பி கண்ணைவிட நம்பகமானது. விளையாடிப் பழகியவர்களுக்கும் அப்படித்தான் என்பது என் எண்ணம், ஆனால் அவர்கள் அதை ஒப்புக்கொள்ள மாட்டார்கள்.

அந்தக் கொப்பியைப் பார்த்து இரண்டே விடயங்களைத் தெரிவுசெய்யுங்கள்; ஒன்று தடுப்பைப் பற்றியது, மற்றது தாக்குதலைப் பற்றியது. எதிரணியின் புள்ளிகளில் பெரும்பகுதி ஒரே வீராங்கனை வலப்பக்கமாக உள்ளே புகுந்து வளையத்தருகே போட்ட லே-அப் எறிதல்களால் வந்திருந்தால், அவளை இடப்பக்கமாகத் தள்ளுவது யார், அவள் தப்பி உள்ளே வந்தால் வளையத்தின் முன் வந்து நிற்பது யார் என்று இரு பெயர்களைச் சொல்லுங்கள். “எல்லோரும் உசாராக நில்லுங்கள்” என்று சொன்னால் ஒருவரும் நிற்க மாட்டார்கள். எதிரணி சோன் தடுப்பில் (ஆளைப் பின்தொடராமல் ஆளுக்கோர் இடத்தைக் காக்கும் முறையில்) நிற்கிறது, நாமோ வெளியே நின்று பந்தை ஒருவருக்கொருவர் கடத்திக்கொண்டு நேரம் போக்குகிறோம் என்றால், பந்து சோனின் நடுவே, பிரீ த்ரோ (பவுலுக்காகக் கிடைக்கும் தடுப்பில்லாத எறிதல்) கோட்டின் அருகே ஒருவரிடம் போய்ச் சேர வேண்டும் என்று கரும்பலகையிலோ மணலிலோ வரைந்து காட்டுங்கள். அந்த இடத்தில் நிற்கப்போகும் பிள்ளையையே வரையச் சொன்னால் இன்னும் நல்லது. அவள் விளங்கிக்கொண்டாளா இல்லையா என்பது அப்போதே தெரிந்துவிடும். பயிற்சியில் ஒருமுறையேனும் செய்து பார்க்காத எதையும் இடைவேளையில் புதிதாகக் கற்பிக்க முயல வேண்டாம். பெரிய அணிகள் இடைவேளையில் புதுத் திட்டம் தீட்டுவதாக நாம் நினைக்கிறோம். பெரும்பாலும் அவை செய்வது, ஏற்கனவே பழகிய நான்கைந்து வழிகளில் அன்றைய ஆட்டத்துக்குப் பொருந்துவதைப் பொறுக்கி எடுப்பதுதான்.

நீங்கள் பேசுவதற்கு முன் ஒரு கேள்வியைக் கேட்டுப் பாருங்கள்: “உள்ளே என்ன நடக்கிறது?” பந்தைக் கொண்டுசெல்லும் பிள்ளைக்கும், வளையத்தின் கீழ் இடிபடும் பிள்ளைக்கும், வெளியே நிற்கும் நமக்குத் தெரியாத பல விடயங்கள் தெரியும். மத்தியஸ்தர் எதை பவுல் என்று எடுக்கிறார், எதை விட்டுவிடுகிறார், எதிரணியில் யார் களைத்துவிட்டாள் என்பதையெல்லாம் அவர்கள்தான் சொல்ல முடியும்.

நம் பகுதித் திடல்கள் பலவற்றில் உடைமாற்றும் அறை இல்லை. இடைவேளையிலும் அணி திடலோரத்திலேயே நிற்க, பெற்றோரும் பழைய மாணவர்களும் சுற்றி வளைத்துக்கொண்டு ஆளுக்கொரு ஆலோசனை சொல்வார்கள். அவர்களுடைய அன்பில் ஐயமில்லை, ஆனால் ஐந்து மாமாக்கள் ஐந்து விதமாகச் சொன்ன பின் உங்கள் இரண்டு விடயங்களும் எங்கோ காணாமற் போய்விடும். மரநிழலோ வகுப்பறையோ ஏதாவது ஓர் இடத்தை ஆட்டத்துக்கு முன்பே பார்த்துவைத்து, பிள்ளைகளை அங்கே அழைத்துச் சென்றுவிடுங்கள்.

மூன்றாம் கால்பகுதி தொடங்க 3 நிமிடத்துக்குக் குறையாத நேரம் இருக்கும்போதே நேரக் கணிப்பாளர் அணிகளுக்கு அறிவிக்க வேண்டும் என்பது விதி. நீங்கள் அந்த அறிவிப்புக்கு முன்பே பேச்சை முடித்து, பிள்ளைகள் பந்தோடு திடலில் ஓடிக்கொண்டிருக்கும்படி பார்த்துக்கொள்ளுங்கள். காற்பந்தாட்ட வீரர்களை வைத்துச் செய்யப்பட்ட ஆய்வொன்றில், இடைவேளை முழுவதும் சும்மா உட்கார்ந்திருந்தவர்களின் தசை வெப்பநிலை ஏறத்தாழ 2 பாகை செல்சியஸ் குறைந்ததும், அவர்களின் ஓட்ட வேகம் மந்தமானதும், இடைவேளையின் பிற்பகுதியில் மிதமாக ஓடி உடலைச் சூடாக்கியவர்களுக்கு அந்த மந்தம் ஏற்படாததும் காணப்பட்டன. இறக்கிவைத்த சட்டி ஆறுவதுபோல் உடலும் ஆறிவிடுகிறது. மூன்றாம் கால்பகுதியின் முதல் இரண்டு நிமிடத்தில் பாடசாலை அணிகள் தூங்கிவிழுவதற்குப் பாதிக் காரணம் இதுவே.

இன்னும் ஒரு சிறு விடயம். இரண்டாம் பாதியில் அணிகள் வளையங்களை மாற்றிக்கொள்ளும். மூன்றாம் கால்பகுதி, இருவர் எழும்பிப் பாயும் ஜம்ப் போலில் தொடங்காமல், அடுத்துப் பந்து யாருக்கு என்று காட்டும், பதிவாளர் மேசையிலுள்ள அம்புக்குறி யாருக்குச் சாதகமோ அவர்கள் நடுக்கோட்டருகே வெளியிலிருந்து பந்தை எறிவதில் தொடங்கும். பந்து நமக்கா எதிரணிக்கா என்பதை மேசைக்குச் சென்று பார்த்துவிட்டு, நமக்கென்றால் அந்த முதற் பந்தை யார் எறிய, யார் வாங்க, எங்கே கொண்டுசெல்வது என்பதையும், எந்த வளையம் நம்முடையது என்பதையும் விரல் நீட்டிக் காட்டிச் சொல்லி அனுப்புங்கள். சிரிக்காதீர்கள், பக்கம் மாறியதை மறந்து தங்கள் வளையத்திலேயே பந்தைப் போட்ட பிள்ளைகள் எல்லா ஊரிலும் இருக்கிறார்கள்.

டைம் அவுட் கணக்கும் இங்கே வருகிறது. முதற்பாதிக்கு 2, இரண்டாம் பாதிக்கு 3 என்பது ஃபீபா விதி. முதற்பாதியில் எடுக்காமல் விட்டதை இரண்டாம் பாதிக்குக் கொண்டுபோக முடியாது. ஆகவே இரண்டாம் கால்பகுதியின் இறுதியில் ஒரு டைம் அவுட் மிஞ்சியிருந்தால், இடைவேளைதானே வருகிறது என்று விட்டுவிடாமல், அதைப் பயன்படுத்திக்கொள்ளுங்கள்.

கேள்வி: இடைவேளைக்குப் பிறகு வீரரின் பவுல்கள் அழிந்துவிடுமா? (ஒரு மாணவன், காரைதீவு)

அழியாது. ஒருவருக்குரிய தனிப்பட்ட பவுல்கள் ஆட்டம் முடியும் வரை தொடரும். ஐந்தாவதோடு அவர் வெளியேற வேண்டும். என்.பி.ஏ.யில் இந்த எண்ணிக்கை 6. அணியிலுள்ள எல்லோருடையதையும் கூட்டிய அணிப் பவுல்கள் மட்டும் ஒவ்வொரு கால்பகுதியிலும் புதிதாக எண்ணப்படும். முதற்பாதியிலேயே 3 பவுல் வாங்கிய வீரரை மூன்றாம் கால்பகுதியின் தொடக்கத்தில் இறக்குவதா, சற்று நேரம் ஆசனத்தில் வைப்பதா என்பது இடைவேளையில் எடுக்க வேண்டிய முடிவுகளில் மிகக் கடினமானது. அவரை இறக்கி, எதிரணியின் மிக மெதுவான வீரரைத் தடுக்கும் பொறுப்பைக் கொடுப்பதையே நான் விரும்புவேன்.

கேள்வி: இடைவேளையில் என்ன குடிக்கலாம், என்ன சாப்பிடலாம்? எங்கள் அணியில் சிலர் சோடா குடிக்கிறார்கள், சிலர் குளுக்கோஸைக் கையில் கொட்டி நக்குகிறார்கள். இளநீர்தான் எல்லாவற்றிலும் சிறந்தது என்று அப்பா சொல்கிறார். (ஒரு வீரர், களுவாஞ்சிக்குடி)

தண்ணீரே முதலிடத்தில் இருக்கிறது. ஒரே மூச்சில் ஒரு போத்தலைக் கவிழ்க்காமல், இடைவேளை முழுவதும் சிறிது சிறிதாகக் குடியுங்கள். சோடா வேண்டாம், அதிலுள்ள வாயு வயிற்றை ஊதச் செய்யும், ஓடும்போது தொல்லை தரும்.

அப்பா சொல்வதில் பாதி உண்மை. இளநீரில் பொற்றாசியம் நிறைய உண்டு, ஆனால் வியர்வையோடு நாம் அதிகம் இழப்பது சோடியத்தையே. அது இளநீரில் குறைவு. ஒரு சிட்டிகை உப்புச் சேர்த்தால் அந்தக் குறை ஓரளவு தீரும். கச்சான் காற்று அடிக்கும் மாதங்களில் திறந்த வெளியில், சீமெந்துத் தரையில் விளையாடுவோருக்கு இது சிறிய விடயமல்ல. அந்தக் காற்று வியர்வையை உடனுக்குடன் உலர்த்திவிடுவதால், எவ்வளவு இழந்தோம் என்பதே தெரியாமல் போகிறது. ஒருவருக்குத் தலை சுற்றினாலோ, குமட்டினாலோ, பேச்சுத் தடுமாறினாலோ அவரை நிழலில் கிடத்தி, உடலை நனைத்து, வைத்திய உதவியை நாட வேண்டும். அன்றைய ஆட்டம் அவருக்கு அத்துடன் முடிந்தது.

உணவைப் பொறுத்தவரை ஒரு வாழைப்பழமோ, சில தோடம்பழச் சுளைகளோ போதும். குளுக்கோஸ் தவறில்லை, ஆனால் உலர்ந்த தூளாக வாயில் கொட்டுவதைவிடத் தண்ணீரில் கரைத்துக் குடிப்பது வயிற்றுக்கு இதமானது. சோற்றையும் கறியையும் ஆட்டத்துக்கு மூன்று மணித்தியாலங்களுக்கு முன்பே முடித்திருக்க வேண்டும்.

வெயில் நாட்களில் ஒரு முரண்பாடு எழுவதையும் சொல்லிவிடுகிறேன். தசைகள் ஆறிவிடக் கூடாது என்று மேலே எழுதினேன். ஆனால் உடலின் உட்சூடு மிகுதியாக ஏறியிருக்கும்போது அதைத் தணிப்பதே முதல் வேலை. நிழலும், ஈரத் துவாயைக் கழுத்தில் போட்டுக்கொள்வதும் இடைவேளையின் முற்பகுதிக்கு உரியவை. மெல்லோட்டமும் எறிதலும் பிற்பகுதிக்கு உரியவை.

கேள்வி: எங்கள் சேர் இடைவேளையில் ஏசாத நாளே இல்லை. ஏசினால்தான் பொடியன்களுக்கு உறைக்கும் என்கிறார். உண்மையா? (ஒரு வீரர், அக்கரைப்பற்று)

உங்கள் சேருக்கும் உங்களுக்கும் ஆளுக்குப் பாதி வெற்றி கிடைக்கிறது. அமெரிக்காவின் வட கலிபோர்னியாவில் 23 உயர்பாடசாலை மற்றும் கல்லூரிக் கூடைப்பந்தாட்ட அணிகளின் 304 இடைவேளைப் பேச்சுகளைப் பதிவுசெய்து ஆராய்ந்த ஆய்வொன்று 2019இல் வெளியானது. பயிற்றுவிப்பாளர் அதிருப்தியையும் கோபத்தையும் ஓரளவு காட்டிய இடங்களில் அணிகள் இரண்டாம் பாதியில் மேலும் நன்றாக விளையாடியிருந்தன. ஆனால் கோபம் ஓர் எல்லையைத் தாண்டிக் கடுமையாகியபோது பயன் தலைகீழாகி, ஆட்டம் மோசமடைந்திருந்தது.

ஆகவே கோபமே கூடாது என்று நான் சொல்லப்போவதில்லை. எதைக் குறித்த கோபம் என்பதுதான் கேள்வி. “நாலு தடவை ஒருவரும் பின்னால் ஓடி வரவில்லை” என்று உரத்துச் சொல்வது ஆட்டத்தைப் பற்றியது. அதைத் திருத்திக்கொள்ள முடியும். பிள்ளையின் பெயரையும் குடும்பத்தையும் இழுத்து ஏசுவதைத் திருத்திக்கொள்ள ஒன்றுமில்லை. அன்றாடம் ஏசுபவரின் கோபத்துக்கு இன்னொரு குறையும் உண்டு: பிள்ளைகளுக்கு அது பழகிப்போய்விடும், உண்மையிலேயே கோபப்பட வேண்டிய நாளில் அது வேலை செய்யாது. இதை உங்கள் சேரிடம் நேரே சொல்ல முடியாது என்பது தெரியும். அணித் தலைவர் ஆட்டமில்லாத ஒரு நாளில் அவரைச் சந்தித்து, “சேர், இடைவேளையில் கடைசி இரண்டு நிமிடம் எங்களைப் பேச விடுங்கள்” என்று கேட்டுப் பார்க்கட்டும். பெரும்பாலான ஆசிரியர்கள் மறுக்க மாட்டார்கள்.

கேள்வி: இடைவேளையில் பெரிய வித்தியாசத்தில் பின்தங்கியிருக்கும் அணி மீள முடியுமா? ஒரு புள்ளி பின்தங்கியிருப்பது நல்லது என்றும் சிலர் சொல்கிறார்களே? (ஒரு வாசகர், வாழைச்சேனை)

மீண்டிருக்கிறார்கள். 1996 நவெம்பர் 27 அன்று என்.பி.ஏ.யில் யூட்டா ஜாஸ் அணி டென்வர் நகெட்ஸ் அணிக்கு எதிராக இடைவேளையில் 36-70 என்று பின்தங்கியிருந்து, இறுதியில் 107-103 என வென்றது. இரண்டாம் பாதியில் யூட்டா 71 புள்ளிகளைப் பெற, டென்வர் 33 மட்டுமே பெற்றது. 2022 ஏப்ரலில் அமெரிக்கக் கல்லூரி ஆண்கள் இறுதியாட்டத்தில் கன்சஸ் அணி இடைவேளையில் 25-40 என்று இருந்து, வட கரோலினாவை 72-69 என வென்றது. அந்த இறுதியாட்ட வரலாற்றிலேயே மிகப் பெரிய மீட்சி அது.

ஆனால் இத்தகைய கதைகளைக் கேட்டதும் இடைவேளையில் ஏதோ மந்திரச் சொல் பேசப்பட்டது என்று முடிவுகட்டிவிட வேண்டாம். 2018 மே மாதம் என்.பி.ஏ. மேற்குப் பிரிவு இறுதியின் ஏழாவது ஆட்டத்தில் ஹியூஸ்டன் இடைவேளையில் 54-43 என முன்னிலையில் இருந்தது. மூன்றாம் கால்பகுதியை கோல்டன் ஸ்டேட் 33-15 எனத் தனதாக்கி, ஆட்டத்தை 101-92 என வென்றது. கோல்டன் ஸ்டேட் அக்காலத்தில் மூன்றாம் கால்பகுதிக்குப் பேர்போன அணிதான். ஆயினும் அதே ஆட்டத்தில் ஹியூஸ்டன் தொடர்ச்சியாக 27 மூன்று புள்ளி எறிதல்களைத் தவறவிட்டது என்பதையும் சேர்த்தே பார்க்க வேண்டும். எதிரணியின் கை ஓய்வதும் மீட்சியின் ஒரு பகுதியே. அதற்கு யாரும் இடைவேளையில் திட்டமிட முடியாது.

15 புள்ளி பின்தங்கிய பாடசாலை அணிக்கு நான் சொல்வது இதுதான்: 15ஐப் பார்க்காதீர்கள், மூன்றாம் கால்பகுதி முடிவில் அதை 8 ஆக்கப் பாருங்கள். அவசரப்பட்டு எல்லோரும் தூரத்திலிருந்து எறியத் தொடங்கினால் அது 25 ஆகிவிடும்.

ஒரு புள்ளிக் கதை 18,000க்கும் மேற்பட்ட என்.பி.ஏ. ஆட்டங்களை ஆராய்ந்து 2011இல் வெளியான ஓர் ஆய்விலிருந்து வந்தது. சற்றே பின்தங்கியிருப்பது ஊக்கத்தைக் கூட்டுகிறது என்று அதன் ஆசிரியர்கள் வாதிட்டார்கள். பின்னர் வேறு ஆய்வாளர்கள் கூடுதல் தரவுகளோடும் வேறு விளையாட்டுகளோடும் சரிபார்த்தபோது அந்த முடிவுக்கு உறுதியான ஆதரவு கிடைக்கவில்லை. ஒரு புள்ளி முன்னிலையில் இருப்பதையே தெரிவுசெய்யுங்கள்.

கேள்வி: இடைவேளையில் எங்கள் வீரர் ஒருவர் மத்தியஸ்தரிடம் சென்று வாக்குவாதப்பட்டு டெக்னிக்கல் பவுல் வாங்கினார். ஆட்டமே நடக்காத நேரத்தில் எப்படிப் பவுல் கொடுக்கலாம்? (ஓர் அணித் தலைவர், ஏறாவூர்)

கொடுக்கலாம். இடைவேளையிலும் மத்தியஸ்தர்களின் அதிகாரம் தொடர்கிறது. அந்த பவுல் வீரரின் கணக்கில் ஒன்றாகச் சேர்வதோடு, உங்கள் அணியின் மூன்றாம் கால்பகுதிப் பவுல்களிலும் முதலாவதாக எண்ணப்படும். எதிரணி ஒரு பிரீ த்ரோவை எறிந்த பின்னரே அம்புக்குறியின்படி ஆட்டம் தொடங்கும். மத்தியஸ்தரிடம் ஏதேனும் விளக்கம் தேவைப்பட்டால் அடுத்த தடவை அணித் தலைவராகிய நீங்களே சென்று மரியாதையாகக் கேளுங்கள். அந்த வீரரைத் தண்ணீர்ப் போத்தலோடு மற்றவர்களிடம் அனுப்பிவிடுங்கள்.